தொடக்ககால மௌன அசைவூட்டக் குறும்படங்களில் நகை: மருட்கையிலிருந்து பாத்திரத்தை நோக்கி (1900–1928)

ஆய்வுச்சுருக்கம்

திரைப்படத்தின் தொடக்க ஆண்டுகளில் உருவான அசைவூட்டக் குறும்படங்களுள் பெரும்பாலானவை நகைச்சுவைப் படங்களே. ஒலியும் உரையாடலும் இல்லாத நிலையில், வரையப்பட்ட கோடு எவ்வாறு சிரிப்பை எழுப்பியது என்பதை இக்கட்டுரை வரலாற்று நோக்கில் ஆராய்கிறது. பிளாக்டன், எமில் கோல், ஸ்டாரெவிச், மெக்கே, கொவுச்சி, மெஸ்மர், ஃபிளெய்ஷர் ஆகியோரின் படங்கள் சான்றுகளாகக் கொள்ளப்படுகின்றன. தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகைக்கும் மருட்கைக்கும் கூறும் நிலைக்களன்கள் பகுப்பாய்வுக் கருவிகளாகப் பயன்படுத்தப்படுகின்றன. இப்படங்களின் நகை முதலில் மருட்கையைச் சார்ந்து நின்று, பின்னர்ப் பாத்திரத்தின் இயல்பைச் சார்ந்ததாக மாறியது என்பதும், அம்மாற்றத்திற்குத் தொழில்நுட்பமும் வணிகமும் காரணங்களாயின என்பதும் இக்கட்டுரையின் முடிவுகளாகும்.

திறவுச்சொற்கள்: அசைவூட்டம், மௌனப்படம், நகை, மருட்கை, உருமாற்றம், எள்ளல், ஃபெலிக்ஸ், கோகோ.

1. முன்னுரை

அசைவூட்டப் படங்களின் வரலாறு 1928இல் வெளிவந்த மிக்கி மௌஸ் படத்திலிருந்து தொடங்குவதாகவே பொதுவாக எண்ணப்படுகிறது. அதற்கு முற்பட்ட ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் ஒரு முன்னோட்டமாக மட்டும் கருதப்பட்டு விரைந்து கடக்கப்படுகின்றன. டொனால்ட் கிராஃப்டன் 1982இல் வெளியிட்ட நூல் இந்நிலையை மாற்றிய முன்னோடி ஆய்வாகும். மௌனகால அசைவூட்டத்திற்கெனத் தனித்த மரபு உண்டு என்பதை அந்நூல் நிறுவியது. ஓவியர் தம்மையே தம் படத்திற்குள் ஓர் உருவாக அமைத்துக்கொள்ளும் போக்கு அம்மரபின் அடிப்படைக் கூறு என்பது அவர்தம் கருத்து.

இக்கட்டுரை அம்மரபின் ஒரு கூறாகிய நகையை மட்டும் எடுத்துக்கொள்கிறது. ஒரு நடிகர் வாழைப்பழத் தோலில் வழுக்கி விழுந்தால் சிரிக்கிறோம். அவருக்கு உடலும் எடையும் வலியும் உண்டு என்பதை அறிந்தே சிரிக்கிறோம். கோட்டுருவத்திற்கு எடையும் இல்லை, வலியும் இல்லை. அவ்வாறிருக்க அது விழும்போது நாம் ஏன் சிரிக்கிறோம்? அத்துறையின் முதல் கலைஞர்கள் இவ்வினாவிற்குத் தத்தம் படங்களின் வழியே வெவ்வேறு விடைகளைத் தந்தனர். அவ்விடைகளின் வரிசையே இக்கட்டுரையின் பொருளாகும்.

2. அணுகுமுறை

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகைக்கு எள்ளல், இளமை, பேதைமை, மடன் என நான்கு நிலைக்களன்களைக் கூறுகிறது. மருட்கைக்குப் புதுமை, பெருமை, சிறுமை, ஆக்கம் என நான்கு கூறுகிறது. மருட்கை என்பது வியப்பு. ஆக்கம் என்பதை ஒன்று பிறிதொன்றாய்த் திரிதல் என்னும் பொருளில் இக்கட்டுரை கொள்கிறது. மடன் என்பது தான் பற்றியதை விடாது பற்றிநிற்கும் தன்மை என்னும் விளக்கமும் இங்கு ஏற்றுக்கொள்ளப்படுகிறது.

இவ்விலக்கணம் செய்யுளுக்காக வகுக்கப்பட்டது. அதனைப் பிறநாட்டுத் திரைப்படங்களின்மேல் அளவுகோலாக வைத்து மதிப்பிடுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. நகை எங்கிருந்து பிறக்கிறது என்னும் வினாவை அவ்விலக்கணம் துல்லியமாக எழுப்புகிறது. அவ்வினாவே இங்குக் கடன் கொள்ளப்படுகிறது. நகையையும் மருட்கையையும் தனித்தனி மெய்ப்பாடுகளாக அது வகுத்திருப்பது, இரண்டும் கலந்து நிற்கும் இப்படங்களைப் பிரித்தறிய உதவுகிறது.

3. ஓவியரின் கை: மேடையிலிருந்து திரைக்கு

திரைப்படம் தோன்றுவதற்கு முன்பே வரையப்பட்ட உருவங்களை அசையச் செய்து மக்களுக்குக் காட்டியவர் பிரான்சு நாட்டு எமில் ரெய்னோ. அவருடைய ஒளிப் பாவனைக் காட்சிகள் 1892 அக்டோபர் 28 அன்று பாரிசின் கிரெவான் அருங்காட்சியகத்தில் தொடங்கின. ஏறத்தாழ 500 படங்களைக் கையால் தீட்டி அமைத்த ‘பாவம் பியெரோ’ என்னும் காட்சியில், காதலியைக் காணவரும் பியெரோ என்னும் கோமாளி, மறைந்திருக்கும் ஆர்லெக்கின் கையால் அடிபடுகிறான். கதையும் பாத்திரங்களும் ஐரோப்பிய ஊமைக்கூத்து மரபைச் சேர்ந்தவை. ஆகவே, இங்கு நகை மேடையிலிருந்து அப்படியே பெறப்பட்டது எனலாம்.

அமெரிக்காவில் வேறொரு மேடைமரபு துணைநின்றது. பார்வையாளர் முன்னிலையில் விரைந்து படம் வரைந்து, இரண்டொரு கோடுகளால் ஓர் உருவத்தை மற்றோர் உருவமாக்கிக் காட்டும் ‘மின்னல் ஓவியம்’ என்னும் நிகழ்ச்சி அக்காலத்தில் புகழ்பெற்றிருந்தது. இங்கிலாந்தில் பிறந்து நியூயார்க்கில் இதழ் ஓவியராகப் பணியாற்றிய ஜே. ஸ்டூவர்ட் பிளாக்டன் அக்கலையில் வல்லவர். 1900ஆம் ஆண்டின் ‘மாய ஓவியம்’ என்னும் படத்தில் அவர் தாளில் ஒரு முகத்தையும் மதுப்புட்டியையும் கோப்பையையும் வரைகிறார். வரைந்த புட்டியைத் தாளிலிருந்து உண்மைப் புட்டியாகவே எடுத்துவிடுகிறார். புட்டி பறிபோனதும் தாளிலுள்ள முகம் சுளிக்கிறது. இது சட்டகம்தோறும் வரைந்த அசைவூட்டமன்று. படக்கருவியை நிறுத்திப் பொருளை மாற்றிவைக்கும் உத்தி. ஆயினும், வரையப்பட்ட முகத்திற்கு ஆசையும் ஏமாற்றமும் உண்டு என்னும் நகைக்கரு இங்கேயே தோன்றிவிட்டது.

1906இல் விட்டாகிராஃப் நிறுவனம் வெளியிட்ட ‘வேடிக்கை முகங்களின் நகைப்பான நிலைகள்’ என்னும் படத்தில் பிளாக்டன் கரும்பலகையில் வரைந்த முகங்கள் தாமே அசைகின்றன. ஆணின் சுருட்டுப்புகை பெண்ணின் முகத்தை மறைக்கிறது. பின்னர் ஓவியரின் கை வந்து அனைத்தையும் அழிக்கிறது. பிறிதொரு பகுதியில் கோமாளியின் வளையத்தினூடே நாய் தாவுகிறது. இப்படத்தில் நகை உண்டு. ஆனால் மருட்கையே மிகுதி. பார்வையாளரை ஈர்த்தது சுருட்டின் குறும்பு அன்று. சுண்ணக்கோடு தானே இயங்கும் புதுமையே ஆகும். புதுமையால் பிறக்கும் வியப்பிற்கு ஆயுள் குறைவு. ஒருமுறை கண்டபின் அது தேய்ந்துவிடுகிறது. அடுத்துவந்த கலைஞர்கள் எதிர்கொண்ட சிக்கல் இதுவே.

4. எமில் கோலின் கோடு: ஆக்கமும் நகையும்

1908 ஆகஸ்டு 17 அன்று பாரிசில் திரையிடப்பட்ட ‘ஃபான்டாஸ்மகோரி’ இச்சிக்கலுக்குப் புதிய விடை தந்தது. கோமோன் நிறுவனத்திற்காக இதனை உருவாக்கிய எமில் கோல் அப்போது ஐம்பது வயதைக் கடந்திருந்தார். கேலிச்சித்திரக் கலைஞர் ஆந்திரே ஜில்லின் மாணவராகிய அவர், 1882இல் ஜூல் லெவி தொடங்கிய ‘ஒவ்வாமையர்’ என்னும் கலைக்குழுவிலும் பங்கேற்றவர். கலையின் பெருமிதங்களைப் பொருளற்ற விளையாட்டால் கலைத்துப்போடுவது அக்குழுவின் இயல்பு.

ஏறத்தாழ 700 ஓவியங்களைத் தாளில் வரைந்து, ஒவ்வொன்றையும் இருமுறை படமெடுத்து, நேர்ப்படிவத்திற்கு மாற்றாக எதிர்ப்படிவத் தோற்றத்தைக் கையாண்டதால், கரும்பலகையில் வெண்கோடு இயங்குவது போன்ற தோற்றம் கிடைத்தது. இது பிளாக்டனின் கரும்பலகையை நினைவூட்டும் தோற்றம். வினாடிக்கு 16 சட்டகங்கள் எனக் கொண்டால் 1,400 சட்டகங்கள் ஏறத்தாழ ஒன்றரை நிமிடமே ஓடும். அந்தக் குறுகிய நேரத்திற்குள் எந்த உருவமும் நிலைத்து நிற்பதில்லை. திரையரங்கில் அமர்ந்திருக்கும் ஒருவரின் பார்வையை முன்னிருக்கைப் பெண்மணியின் இறகுத்தொப்பி மறைக்கிறது; அவர் இறகுகளை ஒவ்வொன்றாகப் பிடுங்குகிறார். புட்டி மலராகிறது, உருவங்கள் யானையாகவும் வீடாகவும் விரிகின்றன. மேலிருந்து குதிக்கும் கோமாளி உடைந்துபோக, ஓவியரின் கைகள் திரைக்குள் வந்து அவனை ஒட்டிச் சேர்க்கின்றன. இறுதியில் அவன் குதிரையேறி விடைபெறுகிறான்.

இப்படத்தில் கதையில்லை. இறகுத்தொப்பிக் காட்சியில் எள்ளல் உண்டு; அது அக்காலத் திரையரங்குகளில் உண்மையாகவே நிகழ்ந்த தொல்லையைக் குறித்தது. ஆனால் படத்தின் பெரும்பகுதியில் நகை எள்ளலிலிருந்தோ பேதைமையிலிருந்தோ பிறப்பதில்லை, ஆக்கத்திலிருந்தே பிறக்கிறது. மெய்ப்பாட்டியல் மருட்கைக்கு உரித்தாக்கிய நிலைக்களன் இங்கு நகைக்கு உரியதாகிறது. இதற்குக் காரணம் விரைவு என்பது இக்கட்டுரையின் கருத்து. ஓர் உருமாற்றம் மெல்ல நிகழ்ந்தால் வியக்கிறோம். ஒன்றை இன்னதென அறிந்து முடிக்கும் முன்பே அது மற்றொன்றாகிவிடின், நம் எதிர்பார்ப்பு மீண்டும் மீண்டும் தோற்கிறது. அத்தோல்வியை உணரும் மனம் தன்னைத்தானே நகைத்துக்கொள்கிறது. சிரிப்பிற்குரிய பேதை திரையில் இல்லை, இருக்கையில் இருக்கிறார். எள்ளலைப் பிறரை நகுதல், தான் எள்ளப்பட்டுத் தானே நகுதல் எனப் பேராசிரியர் உரை இருவகைப்படுத்துவது இங்கு நினைக்கத்தக்கது.

வடிவம் நிலைபெறாத இத்தன்மையைப் பிற்காலத்தில் செர்கேய் ஐசன்ஸ்டைன் டிஸ்னி குறித்த தம் குறிப்புகளில் அசைவூட்டத்தின் உயிர்நிலையாகக் கண்டார். அவர் டிஸ்னியிடம் கண்டது கோலிடம் முன்பே முழுமையாக இருந்தது.

5. சிறுமை, எள்ளல், பேதைமை: மாஸ்கோவும் தோக்கியோவும்

மாஸ்கோவில் கான்ஷோன்கோவ் நிறுவனத்தில் பணியாற்றிய லாடிஸ்லாஸ் ஸ்டாரெவிச் ஓவியங்களைக் கொண்டல்லாமல், பதப்படுத்திய பூச்சிகளின் உடல்களைக் கொண்டு படமெடுத்தார். ‘ஒளிப்பதிவாளரின் பழிவாங்கல்’ 1912இல் வெளிவந்தது. திருமணமான வண்டு ஒன்று தும்பி நடனக்காரியை நாடிச் செல்கிறது. அவளை விரும்பித் தோற்ற வெட்டுக்கிளி ஓர் ஒளிப்பதிவாளர். அது சாவித்துளை வழியே வண்டின் களவைப் படமெடுக்கிறது. வீட்டில் வண்டின் மனைவியோ ஓர் ஓவியருடன் உறவாடுகிறாள். தன் பிழையை மறந்து மனைவியின் பிழைக்குச் சினந்த வண்டு, பின்னர்ப் பெருந்தன்மையுடன் அவளை மன்னித்துத் திரைப்படத்திற்கு அழைத்துச் செல்கிறது. திரையில் ஓடுவதோ வண்டின் களவு.

அக்கால நாடகப்பாங்கான காதல் படங்களின் கதையே இது. மாந்தர் நடித்தால் கண்ணீர்க் கதையாக இருக்கும். ஆறுகால் உயிர்கள் நடிப்பதால் அங்கதமாகிறது. சிறுமை என்பது அளவின் சிறுமையாகவும் நடத்தையின் சிறுமையாகவும் ஒருங்கே பொருள்படுகிறது. கோலிடம் ஆக்கம் நகைக்குப் பணியாற்றியது போல, இங்கு மருட்கைக்குரிய மற்றொரு நிலைக்களனாகிய சிறுமை எள்ளலுக்குப் பணியாற்றுகிறது.

ஜப்பானில் கொவுச்சி ஜூனிச்சி 1917இல் உருவாக்கிய ‘மொட்டை வாள்’ சில நிமிடங்களே ஓடும் படம். தொலைந்துவிட்டதாகக் கருதப்பட்ட இதன் படச்சுருள் மீட்கப்பட்ட செய்தி 2008இல் வெளியாயிற்று. மழுங்கிய வாளை வாங்கிவிட்ட மூட வீரன் ஒருவன், அதன் கூர்மையைச் சோதிக்க வழிப்போக்கரைத் தாக்க முயன்று, அவர்களிடமே தோற்கிறான். இது பேதைமை பற்றி வந்த நகை. வீரத்தின் அடையாளமாகிய வாளே நகைப்பொருளாவதில் எள்ளலும் உண்டு. ஜப்பானிய மௌனப்படங்கள் பென்ஷி எனப்படும் கதைசொல்லியின் நேரடிக் குரலோடு காட்டப்பட்டமையால், அங்கு மௌனம் என்பது படச்சுருளின் இயல்பேயன்றி அரங்கின் இயல்பன்று என்பதும் கருதத்தக்கது.

6. கெர்ட்டி: இளமையும் பாத்திரத்தின் பிறப்பும்

நாளிதழ்ச் சித்திரக்கதைகளால் புகழ்பெற்ற வின்சர் மெக்கே, 1911இல் ‘லிட்டில் நீமோ’ படத்திற்கு ஏறத்தாழ 4,000 ஓவியங்களை வரைந்தார். அதில் உருவங்கள் நீண்டும் குறுகியும் வியப்பூட்டின, கதை இல்லை. 1912இல் வெளிவந்த கொசுப் படத்தில் தொப்பியணிந்த கொசு ஒன்று தன் உறிஞ்சுகுழலைத் தீட்டிக்கொண்டு, உறங்குபவரின் குருதியை அளவின்றிக் குடித்து வெடித்துச் சிதறுகிறது. போதுமென அறியாத மடனால் விளையும் நகை இது.

1914இன் ‘கெர்ட்டி என்னும் டைனோசர்’ ஒரு திருப்புமுனை. ஏறத்தாழ 10,000 ஓவியங்களால் ஆன இப்படத்தை மெக்கே முதலில் வாட்வில் மேடையில் தம் நேரடி நிகழ்ச்சியாகவே காட்டினார். சவுக்கோடு திரையருகில் நின்று அவர் கட்டளையிட, கெர்ட்டி குகையிலிருந்து வெளிவந்து அவையோரை வணங்கும், கால் தூக்கும், கவனம் சிதறிக் கட்டளையை மறக்கும், கடிந்துகொண்டால் அழும். வழியே வரும் யானையை வாலைப் பற்றி ஏரியில் எறியும். பின்னர் ஏரியையே குடித்து வற்றச்செய்யும். இறுதியில் மெக்கே திரைக்குப் பின்னே சென்று மறைய, அதே நேரத்தில் வரையப்பட்ட மெக்கே திரையில் தோன்றிக் கெர்ட்டியின் முதுகில் ஏறிச் செல்வார்.

கெர்ட்டியின் பேருடலும் குழந்தைமனமும் முரண்படுவதிலேயே நகை பிறக்கிறது. பெருமை மருட்கைக்குரியது, இளமை நகைக்குரியது. இரண்டும் ஓருருவில் சேரும்போது மருட்கை பின்னணியாகி நகை முன்னணியாகிறது. கெர்ட்டி அழும்போது பார்வையாளர் கோட்டின் இயக்கத்தை மறந்து கெர்ட்டியை நினைக்கின்றனர். வரையப்பட்ட உருவம் பாத்திரமாகும் தருணம் இதுவே.

7. தொழிற்கூடமும் நகைத்துணுக்கும்

பல்லாயிரம் ஓவியங்களை ஒருவரே வரையும் முறை வாராந்தரத் திரையரங்கத் தேவைக்கு ஈடுகொடுக்கவில்லை. ஜான் ராண்டால்ஃப் பிரே 1914 முதல் செய்முறைக் காப்புரிமைகளைப் பெற்றார். ஏர்ல் ஹர்ட் அசையாத பின்னணியையும் அசையும் உருவத்தையும் பிரித்து, ஒளிபுகும் செலுலாய்டு தாள்களில் வரையும் முறையை வகுத்தார். ராவுல் பாரே தாள்கள் நழுவாதிருக்க முளைகளைப் பயன்படுத்தினார். இவற்றால் ஒரே நடையசைவை மீண்டும் மீண்டும் பயன்படுத்துவது எளிதாயிற்று.

இம்மாற்றம் நகையின் அமைப்பையும் மாற்றியது. முழுத் திரையும் ஓயாது உருமாறும் கோலின் முறை தொழிற்கூடத்திற்குச் செலவு மிக்கது. நிலையான பின்னணியில் ஒரே பாத்திரம் நடந்து வந்து, ஒரு தடையைச் சந்தித்து, அதனைப் புதுவகையில் வெல்லும் முறை சிக்கனமானது. தன்னளவில் முடிந்த இச்சிறு நிகழ்வை நகைத்துணுக்கு எனலாம். சில நகைத்துணுக்குகளைக் கோத்தால் ஒரு படம். பாத்திரம் தொடர்ந்து வருவதால் பார்வையாளர் அடுத்த படத்திற்கும் வருவர். பாத்திரமையம் கொண்ட நகை கலைவளர்ச்சியின் பயன் மட்டுமன்று, கணக்கேட்டின் பயனுமாகும்.

8. ஃபெலிக்ஸ்: குறியீடே கருவியாதல்

இம்முறையின் உச்சம் ஃபெலிக்ஸ் என்னும் கருப்புப்பூனை. பாட் சல்லிவனின் கூடத்தில் ஓட்டோ மெஸ்மர் உருவாக்கிய இப்பூனையின் முதற்படம் 1919 நவம்பரில் வெளிவந்த ‘பூனைப் பித்துகள்’. அப்போது அதற்கு ஃபெலிக்ஸ் என்னும் பெயர் இன்னும் இடப்படவில்லை. படங்களில் சல்லிவனின் பெயரே விளங்கியது. மெஸ்மரின் பங்கு பல பத்தாண்டுகளுக்குப் பின்னரே பரவலாக அறியப்பட்டது. அதுபற்றிய கருத்து வேறுபாடு இன்றும் உண்டு.

ஃபெலிக்சுக்கு முன்பே சார்லி சாப்ளினை மையமாகக் கொண்ட அசைவூட்டப் படங்களை அக்கூடம் உருவாக்கியிருந்தது. அதற்கெனச் சாப்ளினின் நிழற்படங்களை மெஸ்மர் நுணுகி ஆராய்ந்தார். அப்பயிற்சியின் பயன் ஃபெலிக்சின் நடையிலும் முகபாவத்திலும் விளங்குகிறது. 1923இன் ‘ஹாலிவுட்டில் ஃபெலிக்ஸ்’ படத்தில் பூனை தன் வாலைக் கைத்தடியாக்கிச் சாப்ளினைப் போல நடக்கிறது. வரையப்பட்ட சாப்ளின் அங்கு வந்து, தன் உத்தியைத் திருடியதாகச் சினக்கிறார். கடனை மறைக்காமல் கடனையே நகையாக்கும் நேர்த்தி இது.

ஃபெலிக்சின் தனித்தன்மை வேறொன்று. சிந்திக்கும்போது அதன் தலைக்குமேல் வினாக்குறி தோன்றும்; வியக்கும்போது வியப்புக்குறி தோன்றும். இவை நாளிதழ்ச் சித்திரக்கதை மரபின் குறியீடுகள். ஆனால் ஃபெலிக்ஸ் அக்குறிகளைக் கையால் பற்றிக் கொக்கியாகவும் ஏணியாகவும் பயன்படுத்தும். முதற்படத்திலேயே இசைக்குறிகள் சக்கர வண்டிகளாகின்றன. வாலைக் கழற்றிக் கருவியாக்குவதும் இதன் தொடர்ச்சியே.

இங்கு கோலின் ஆக்கம் மீண்டும் வருகிறது. ஆனால் அடிப்படை மாறிவிட்டது. கோலின் உலகில் உருமாற்றத்திற்குக் காரணம் இல்லை. ஃபெலிக்சின் உலகில் உருமாற்றம் ஒரு தேவைக்கான விடை. பசி, குளிர், துரத்தும் பகைவன் என ஏதேனும் ஓர் இடர் முன்நிற்கிறது. திரையில் கிடைப்பவை கோடுகள் மட்டுமே. கோட்டையே கருவியாக்கிப் பூனை தப்புகிறது. மௌனம் இங்குக் குறையன்று. ஒலி இல்லாததால்தான் இசை, கண்ணுக்குத் தெரியும் குறியாகிறது. குறி, கைக்கு அகப்படும் பொருளாகிறது. மெய்ப்பாட்டியலின் நான்கு நிலைக்களன்களுள் எதிலும் இந்நகை முழுமையாக அடங்கவில்லை. அறிவின்மையால் அன்றி அறிவுக்கூர்மையால் பிறக்கும் நகை இது.

9. கோகோ: படைப்பின் கலகம்

மாக்ஸ் ஃபிளெய்ஷர், உண்மை மனிதரின் அசைவைப் படமெடுத்துச் சட்டகம் சட்டகமாக அதன்மேல் வரையும் கருவிக்கு 1917இல் காப்புரிமை பெற்றார். கோமாளி உடையணிந்த அவருடைய தம்பி டேவின் அசைவுகளே பின்னர்க் கோகோ எனப் பெயர்பெற்ற கோமாளியின் அசைவுகளாயின. ‘மைக்கூட்டிலிருந்து’ என்னும் வரிசையில் மாக்ஸ் உண்மை மனிதராக மேசைமுன் அமர்ந்திருப்பார். மைக்கூட்டிலிருந்து கோகோ பிறப்பான்; ஓவியருக்கு அடங்காமல் தாளைவிட்டு வெளியேறிக் குறும்பு செய்வான்; இறுதியில் மைக்கூட்டுக்குள்ளேயே திரும்புவான்.

பிளாக்டனின் படத்தில் அழிக்கும் கை எதிர்ப்பின்றி அழித்தது. கோலின் படத்தில் கை, உடைந்தவனை ஒட்டியது. மெக்கே படைப்பின் முதுகில் ஏறினார். மாக்சோ தம் படைப்போடு போரிடுகிறார். 1923இன் ‘உறங்கும் நேரம்’ படத்தில் கோகோ பேருருக்கொண்டு நகரத் தெருக்களில் மாக்சைத் தேடி அலைகிறான். 1928இன் ‘கோகோவின் உலகக் கட்டுப்பாடு’ படத்தில், இழுத்தால் உலகமே அழியும் என எழுதப்பட்ட நெம்புகோலைக் கோகோவின் நாய் ஃபிட்ஸ் இழுத்தே தீருகிறது. தடுக்கத் தடுக்க விடாது முனையும் அந்நாயின் செயல் மடனுக்குத் தக்க சான்றாகும். உலகம் குலையும் காட்சியில் நகையும் அச்சமும் பிரிக்கவியலாதபடி கலந்துவிடுகின்றன.

10. எள்ளலின் மறுபக்கம்

இந்நகையின் வரலாற்றைக் கொண்டாடுவதோடு நிறுத்திக்கொள்வது ஆய்வுநெறி ஆகாது. பிளாக்டனின் 1907ஆம் ஆண்டு ‘மின்னல் ஓவியங்கள்’ படத்தில், கருப்பினத்தவரை இழிக்கும் சொல் ஒன்றும் யூதக் குடும்பப்பெயர் ஒன்றும் எழுத்துகளாகத் தோன்றி, இன இழிவுச் சித்திரங்களாக உருமாறுகின்றன. ஃபெலிக்சிடம் விடுதலையின் கருவியாக விளங்கிய அதே உத்தி, அதாவது எழுத்து உருவமாதல், இங்கு இழிவின் கருவியாகிறது. வெள்ளையர் கரிபூசி நடித்த மேடைமரபின் சுவடுகள் கரிய உடல், அகன்ற கண், வெண்கையுறை ஆகியவற்றின் வழியே அமெரிக்க அசைவூட்டப் பாத்திரங்களின் உருவமைப்பில் தொடர்வதை நிக்கோலஸ் சாமண்ட் 2015இல் வெளிவந்த தம் நூலில் விரிவாகக் காட்டியுள்ளார்.

வண்டை எள்ளிய ஸ்டாரெவிச்சும் மூட வீரனை எள்ளிய கொவுச்சியும் நடத்தையை எள்ளினர். பிளாக்டன் பிறப்பை எள்ளினார். எள்ளல் என்னும் ஒரே நிலைக்களனுக்குள் இவ்வேறுபாடு உள்ளது. ‘வேடிக்கை’ என்னும் பெயரால் அதனை மறைப்பது வரலாற்றை மறைப்பதாகும்.

11. ஒலியின் வருகை

1928 நவம்பர் 18 அன்று நியூயார்க்கில் ‘ஸ்டீம்போட் வில்லி’ திரையிடப்பட்டது. அசைவூட்டத்தில் ஒலி அதற்கு முன்பே முயலப்பட்டிருந்தது. ஃபிளெய்ஷர் சகோதரர்கள் 1920களின் நடுவிலேயே பாடல் படங்களில் ஒலியைக் கையாண்டனர். ஆயினும் அசைவும் ஒலியும் இசைந்து நகையை எழுப்பும் முறைக்கு டிஸ்னியின் படமே வணிக வெற்றி தந்தது. இசை காதில் விழத் தொடங்கியதும், கண்ணுக்குத் தெரிந்த இசைக்குறிக்கு வேலையில்லாமற் போயிற்று. ஒலியைப் பின்னர் ஒட்டி வெளியிட்ட ஃபெலிக்ஸ் படங்கள் நிலைபெறவில்லை. அப்பூனையின் வீழ்ச்சிக்கு நிறுவனத்தின் தயக்கம் ஒரு காரணம். மௌனத்தின்மேல் கட்டப்பட்ட அதன் நகை ஒலியின் உலகில் வேரூன்ற முடியாமை மற்றொரு காரணமாகும்.

12. முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் பின்வரும் முடிவுகள் பெறப்படுகின்றன.

1. தொடக்ககால அசைவூட்ட நகை மருட்கையைச் சார்ந்து பிறந்தது. புதுமை தேய்ந்தபின் ஆக்கம், சிறுமை, பெருமை என்னும் மருட்கையின் பிற நிலைக்களன்களை நகைக்குரியனவாக மாற்றியே அது வளர்ந்தது.

2. கெர்ட்டிக்குப் பின் நகையின் மையம் கோட்டிலிருந்து பாத்திரத்திற்கு நகர்ந்தது. செலுலாய்டு முறையும் வாராந்தரச் சந்தையும் இந்நகர்வை விரைவுபடுத்தின.

3. ஓவியரின் கைக்கும் அவர் படைத்த உருவுக்கும் உள்ள உறவு, பிளாக்டன் முதல் ஃபிளெய்ஷர் வரை தொடரும் நகைக்கரு ஆகும். அவ்வுறவு அழிப்பில் தொடங்கிக் கலகத்தில் முடிகிறது.

4. மௌனம் இப்படங்களுக்குத் தடையாக அமையவில்லை. ஃபெலிக்சிடம் அது நகையின் ஆக்கக்காரணமாகவே விளங்கியது.

5. எள்ளல் நடத்தையை நோக்கியதா, பிறப்பை நோக்கியதா என்னும் வினாவின்றி இப்படங்களின் நகையை மதிப்பிடவியலாது.

ரெய்னோ தம் இறுதிக்காலத்தில் தம் படச்சுருள்களுள் பெரும்பாலானவற்றைச் சேன் ஆற்றில் எறிந்தார். இந்தியாவில் தாதாசாகேப் பால்கே 1915இல் தீக்குச்சிகளைக் கொண்டு உருவாக்கிய அசைவூட்டக் குறும்படம் இன்று பெயரளவிலேயே எஞ்சியுள்ளது. எஞ்சிய சுருள்களைக் கொண்டே இவ்வரலாறு எழுதப்படுகிறது. ‘மொட்டை வாள்’ போல மீட்கப்படும் ஒவ்வொரு படமும் மேற்கண்ட முடிவுகளை உறுதிப்படுத்தவும் கூடும், மாற்றவும் கூடும். இந்நகையின் நிலைக்களன்களைத் தமிழ் மெய்ப்பாட்டுக் கோட்பாட்டோடு மேலும் விரிவாக ஒப்பிடுவதற்கும், அறிவுக்கூர்மையால் பிறக்கும் நகைக்கு அக்கோட்பாட்டில் உரிய இடத்தைத் தேடுவதற்கும் எதிர்கால ஆய்வுகளில் வாய்ப்புண்டு.